கொடியில் இருந்த வட்டம்

நவம்பர் மாதம், மாலை ஐந்து தாண்டிய நேரம். இங்கே அப்போதே இருட்டிவிடும். குன்றிலிருந்து ஆற்றுத்துறைக்கு இறங்கும் பழைய உருட்டுப் பாதை... அதில் ஒரே ஒரு லாரி. ஓட்டியவர் ஓடெல், என் தோழி கிளாரிஸின் மாமா. இந்த மாவட்டத்தின், நம் கவுண்டியின், சாலை இலாகாவில் வேலை.

அடுப்பில் இன்னொரு கட்டை போடுங்கள். சொல்கிறேன்.

மறுநாள் ஆற்றுத்துறையில் கொடியேற்று விழா. நம் கவுண்டிக் கொடியை யோசித்துப் பாருங்கள். மூலையில் வெள்ளையின் மேல் சிவப்புச் சிலுவை. அது இங்கிலாந்து ராஜாவுடையது. அவருடைய ஆட்கள் இந்த மண்ணை ஆண்ட காலம்; படைகள் கூடும்போது எது எந்தக் கவுண்டியின் படை என்று தெரிய, கவுண்டிக்கொரு கொடி வேண்டுமென்று உத்தரவு போட்டார்கள். மீதி பச்சை. நடுவில் பழுப்பு வட்டம். உதிக்கும் சூரியன் என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுத்தார்கள். சூரியனுக்கு ஏது பலகைக் கோடுகள்? நடுவில் ஏன் கறுப்புப் புள்ளி? அது புகையிலைப் பீப்பாயின் மூடி. புள்ளி, அச்சு செருகும் துளை.

உலர்ந்த இலையைத் திணித்து, நெம்புகோலால் அழுத்தி, மறுபடி திணிப்பார்கள். நெஞ்சு உயரப் பீப்பாய், ஒரு காளையின் கனம். அச்சு செருகி, பாதையோடு உருட்டியே துறைக்குக் கொண்டுபோவார்கள். இறக்கத்தில் பின்னால் கயிறு பிடிக்க நாலு பேர். கயிறு போதாது. அதனால் முன்னால் ஒருவன், கையில் கல்லோடு, பீப்பாயைப் பார்த்தபடி பின்னோக்கியே நடப்பான். வேகம் எடுத்தால் கல்லை அடியில் போட வேண்டும்.

ஓடெலின் முன்னோரில் ஒருவனான ஈசா செய்த வேலை அது. செய்யமாட்டேன் என்று சொல்ல அடிமைக்கு வாய் ஏது? ஒரு நாள் கயிறு அறுந்தது. கப்பல் காத்திருந்தது. முதலில் பீப்பாயை ஏற்றினார்கள். பிறகுதான் ஈசாவைப் பாதையோரம் புதைத்தார்கள். தலைமாட்டில் அவன் கையிலிருந்த அதே கல். பெயர் கிடையாது. அவனுக்குப் பின் செத்தவர்களும் அங்கேயேதான், ஆளுக்கொரு கல்லோடு.

அதிலிருந்து அந்தக் குடும்பத்தில் வண்டி எங்கே நின்றாலும் சக்கரத்துக்குக் கல் வைப்பார்கள். சமதரையில்கூட. கிளாரிஸின் கல்யாணக் காருக்கும் வைத்தார்கள். நாம் எல்லோரும் சிரித்தோம்.

விழாவுக்காக அந்தக் கல்லறைகள் மேல்தான் தார் போட்டார்கள். ஓடெலையே போட வைத்தார்கள்.

“சார், எங்காளுங்க அடியில இருக்காங்க” என்று மேலதிகாரியிடம் அவர் சொல்லியிருக்கிறார்.

“பேரில்லாத கல்லெல்லாம் கல்லறைன்னா, இந்த ஊர்ல ரோடே போட முடியாதுப்பா.”

சிரித்தான் வேறு.

விழாவுக்கு முந்தின அந்த மாலை, ஒத்திகையாகக் கொடியை ஏற்றிப் பார்க்க ஓடெலை அனுப்பினார்கள். லாரியை நிறுத்தினார். வழக்கப்படி இருட்டில் தடவி, தாரின் ஓரத்தில் புதைந்திருந்த ஒரு கல்லைப் பிடுங்கிச் சக்கரத்துக்கு வைத்தார். பாதையின் கோடியில் நட்டிருந்த கம்பத்தில் கொடியை ஏற்றினார். திரும்பி வந்து விளக்கைப் போட்டபோதுதான் தெரிந்தது... ஈசாவின் கல். தாருக்குத் தப்பியிருந்த ஒரே கல்.

பதறி அதை எடுத்தார், பழைய இடத்தில் நட்டுவிடலாம் என்று.

அப்போது குன்றின் மேலே... கட... கட... கட... சரளையில் மரம் உருளும் சத்தம். கூடவே வாசனை. பதமான புகையிலையின் இனிப்பு வாசனை. இந்தப் பக்கம் யாரும் புகையிலை போட்டு எவ்வளவு காலம் ஆயிற்று?

ரத்தத்தில் ஊறிய பழக்கம். ஓடெல் கல்லோடு பாதை நடுவில் போய், குனிந்து நின்றுவிட்டார். சத்தம் நெருங்கியது. அதன் பின்னாலிருந்து ஒரு மூச்சிரைப்பு, ஒரு குரல்.

“கல்ல போடாத, மகனே. தள்ளி நில்லு.”

ஓடெல் கல்லைப் பார்த்தார். மேலே ஆடிய கொடியைப் பார்த்தார். பிறகு தள்ளி நின்றார்.

குளிர்ந்த காற்று ஒன்று கடந்தது. கம்பம் முறியும் சத்தம்... பிறகு ஆறு மட்டும்.

காலையில் மேலதிகாரி வந்தான். இறுகிய தாரில் பீப்பாய் அகலத்துக்கு ஒரு பள்ளம், கம்பத்தை நசுக்கிக்கொண்டு ஆறு வரைக்கும். தார் பிளந்த இடத்தில், அடியில் வரிசையாகக் கல்லறைக் கற்கள் தெரிந்தன. கொடி, அழுத்திய இலை மாதிரி தாரோடு ஒட்டிக் கிடந்தது. ஓடெல்தான் லாரியை ஏற்றிவிட்டார் என்று கத்தினான். லாரியில் ஒரு கீறல் இல்லை.

பிறகு அவன் பள்ளத்துக்குள் குனிந்து பார்த்தான்.

பள்ளம் நெடுக, தாரில் வெறுங்கால் தடங்கள். எல்லாம் ஆற்றைப் பார்த்து. குதிகால் எங்கேயும் பதியவில்லை. விரல்கள் மட்டும்... ஆழமாக, பின்னாலிருந்து முழுப் பலத்தோடு தள்ளுகிறவனுடையதைப் போல.