லெப்யோகின் வீட்டுத் தட்டில் ஒரு துண்டு குறைகிறது

அவைத்தலைவி அவ்குஸ்தா லிவோவ்னா அவர்களே! படத்தொகுப்பு மேசைக்குக் கண்ணொளியைக் காணிக்கையாக்கிய தாய்மார்களே! கடுங்குளிரிலும் கேமராவைக் கட்டியணைத்துக் காத்த மூத்தவர்களே! விருந்துக் கூடத்தின் கதவையே பார்த்துக்கொண்டிருக்கும் இளைஞர்களே! எழுபது வயது எய்திய இயக்குநனே, எழுத்தாளனே, என் ரோத்யா என்ற ரோதியோன் லெப்யோகினே! உங்கள் அனைவருக்கும் இந்தக் கிழவன் கிளெப்பின் வணக்கம்.

வாழ்த்திப் பேசச் சொன்னார்கள். வாழ்த்த வரவில்லை, வயிறு எரிகிறது, அதைச் சொல்ல வந்தேன். சிரியுங்கள், சிரியுங்கள், எரிவது உங்கள் வயிறா என்ன?

ஒரே வகுப்பில் படித்தோம், ஒரே தட்டச்சுப் பொறியில் எழுதினோம். பத்துப் பக்கம் பாடுபட்டு நான் எழுதிய காதலை, ஒரு பெண் கையுறையைக் கழற்றுவதிலேயே அவன் காட்டிவிடுவான். எரியாதா? ஆசிரியர் என் தாளைத் திருத்துவார். அவன் தாளைப் படித்துவிட்டு ஜன்னலோரம் போய்க் கண்ணைத் துடைத்துக்கொள்வார். எரியாதா, ஐயா, எரியாதா?

இருவரும் சேர்ந்து 'படகுக்காரி' எழுதினோம். அவன் இயக்கினான். படப்பிடிப்பின் முதல் நாள், நேவா நதிக்கரையில், நம் திரையுலக வழக்கப்படி ஒரு பீங்கான் தட்டில் எல்லோரும் கையெழுத்திட்டு, கேமராவின் முக்காலியில் அடித்து உடைத்து, ஆளுக்கொரு துண்டு எடுத்துக்கொண்டோம். படம் முடிந்ததும் சேர்த்து ஒட்ட வேண்டும். மூன்றாம் வாரமே என் முடிவுக் காட்சியை மாற்றிவிட்டான்.

"என் முடிவுல என்னடா குறை, ரோத்யா?"

"எல்லாரும் பேசிக்கிட்டே இருக்காங்கடா. அவளைக் கொஞ்ச நேரம் சும்மா துடுப்புப் போட விடேன்!"

துண்டோடு வெளியேறினேன். அவன் வீட்டுச் சுவரில் அந்தத் தட்டு இன்றும் ஓர் ஓட்டையோடுதான் தொங்குகிறது.

அடுத்த ஆண்டு எந்தப் படம் வெளிவரலாம் என்று முடிவுசெய்யும் ஸ்டூடியோவின் கலைக்குழுவில் எனக்கு இடம் கிடைத்தது. படத்தைப் போட்டுக் காட்டினார்கள். துடுப்புப் போட்டாள் அவள், அழுதேன் நான். என் முடிவைவிட அவன் முடிவு நன்றாக இருந்தது! வெளியிட வேண்டாம் என்போர் கை தூக்கச் சொன்னார்கள். ஒன்பது பேரில் நான்கு கைகள் எழுந்தன. ஐந்தாவது கை என்னுடையது.

மாடியிலிருந்து "அடப்பாவி!" என்கிறாரே, அந்தப் பெரியவருக்கு நன்றி. முப்பது ஆண்டாக இந்தச் சொல்லுக்குத்தான் காத்திருந்தேன்.

பதினோரு ஆண்டு அந்தப் படம் தகரப் பெட்டியில் கிடந்தது. காலம் மாறி வெளிவந்தபோது, உறைபனியில் ஊரே வரிசையில் நின்றது. முடக்கப்பட்ட படம் என்றதும் அவன் மேதையானான். அன்றே விட்டிருந்தால் ஒரு வாரம் ஓடி மறைந்திருக்கும். அந்தப் புகழுக்கும் நானா ஏணி!

இதோ அந்தத் துண்டு. ரோத்யா, மன்னித்துவிடு. இத்தனை பேர் முன்னால்... என்னடா எழுந்துவிட்டாய்? உரக்கச் சொல்.

"அன்னிக்கே தெரியும்டா. புரொஜெக்டர் ரூம் கண்ணாடி வழியா பாத்துக்கிட்டுதான் இருந்தேன். நீ தூக்கினது இடது கை. வலது கை பாக்கெட்டுக்குள்ள இந்தத் துண்டைப் பிடிச்சிக்கிட்டிருந்துச்சு. அதான் தட்டுல அந்த ஓட்டையை வேற எதுவும் வச்சு அடைக்கல."

கேட்டீர்களா, தோழர்களே! தெரிந்தே முப்பது ஆண்டு பிறந்தநாளுக்கு அழைத்திருக்கிறான், தெரிந்தே எனக்குத் தேநீர் ஊற்றியிருக்கிறான். வாழ்நாளில் நான் உருப்படியாக எழுதிய ஒரே முடிவுக் காட்சி இந்த மன்னிப்புதான். இதையும் மாற்றிவிட்டான், பாவி. இதுவும் என்னுடையதைவிட நன்றாக இருக்கிறது!

எரிகிற வயிற்றோடு, நிறைந்த கண்ணோடு, பொறுத்துக் கேட்ட உங்களுக்கு நன்றி கூறி அமர்கிறேன். பசை யாரிடமாவது இருக்கிறதா? வணக்கம்!