அஞ்சு மணிக்குள்ள ஒரு அழுகை

— அக்கா, சிரிக்காத! எம் மவ செத்துட்டான்னு சேதி வந்திருக்கு. நான் தரையில உக்காந்து அழுவுறேன். நீ போனுக்குப் பின்னால நின்னுக்கிட்டு இளிக்கிற. போச்சு. மறுபடியும் மொதல்லேர்ந்து.

— நான் என்ன லா பண்றது பிரமி? இந்தத் தாள்ல இருக்கிறத வாசிச்சா சிரிப்புதான் வருது. "உங்கள் இழப்பிற்காக நான் மிகவும் வருந்துகிறேன், அம்மணி." எந்த ஊரு போலீஸ்காரன் இப்படிப் பேசுவான்? ரேடியோவுல செய்தி வாசிக்கிறவன்கூட இவ்வளவு சுத்தமாப் பேச மாட்டான்.

— அத நான் எழுதல. வேசத்துக்குப் பரீட்சைன்னு லண்டன்லேர்ந்து வந்தது. கம்ப்யூட்டர்ல போட்டு தமிழாக்கி அனுப்பியிருக்கானுங்க. உன் மூஞ்சி படத்துல விழாது, குரல் மட்டும்தான். நீ போலீஸ்காரன் வசனத்த வாசி, நான் அழுவுறேன். ப்ளீஸ்.

— வாசிச்சி வாசிச்சி எனக்குத் தொண்டை வத்திப் போச்சி. ஒம்பது தடவ உம் மவள சாகடிச்சாச்சி. மத்தியானம் கடையில புங்குஸ் பண்ணி, பொட்டலமா வாங்கியாந்த மீ கோரெங் நூடுல்சு ஆறிப்போயி கயிறு மாரி கெடக்கு. நீ ஒரு வாய் சாப்பிட்டுட்டுதான் அழேன்.

— சாப்பிட்டா முகம் உப்பிரும். மணி என்ன?

— நாலு ஆவப் போவுது.

— அஞ்சுக்குள்ள அனுப்பணும். அங்க அப்ப காலையில ஒம்பது. ஆபீஸ் தொறந்ததும் பாப்பாங்க. லேட்டானா வேற எவளாவது கெடச்சிருவா. சரி, ஆரம்பிக்கலாம். ஒண்ணு, ரெண்டு...

— இரு. மேல்வீட்டுக்காரன் ட்ரில் போட ஆரம்பிச்சிட்டான்.

— கடவுளே! இந்த பிளாட்டுல மனுசன் நிம்மதியா அழக்கூட முடியாதா?

— முடியாது. நாங்க முப்பது வருசமா இங்கதான் இருக்கோம், எங்களக் கேளு. ஆமா, பதினேழு வருசம் டீவியில வந்தவ நீ. வெள்ளைக்காரன் நாட்டுல ரோட்டுல போனா ஒன்னய நிறுத்தி படம் புடிப்பாங்கன்னு சொல்லுவ. ஒனக்கு எதுக்கு இன்னும் பரீட்சை?

— அதெல்லாம் அப்ப. சீரியல்ல என்ன சாகடிச்சி வருசம் ஒண்ணு தாண்டிப் போச்சி. அதுக்கப்புறம் எவனும் கூப்பிடல. கிறிஸ்மஸ் மேடையில ஒரு சூனியக்காரி வேசம், அதோட சரி. அம்பத்தெட்டு வயசுக்காரிக்கு வேல எங்க இருக்கு? அதுக்கு முன்னாடி என்னா வாழ்ந்தேன் தெரியுமா? நர்சு வேல படிக்கப் போன பொண்ணு, நாடகம்னு ஓடுனதுக்கு கெடச்ச மொத வேசம் என்னா? நர்சு. ரெண்டாவது? நர்சு. மூணாவது பாகிஸ்தான்காரி, ஒரே வசனம்: "அவர் வீட்டில் இல்லை."

— அப்புறம்தான் பஞ்சாபிக்காரி.

— ஆமா. ரீட்டா சோப்ரா. பதினேழு வருசம் அந்த சீரியல் தெருமுனையில மீனும் உருளைக்கெழங்கும் பொரிச்சேன். மத்தவங்களுக்கெல்லாம் கல்யாணம், கள்ளக்காதல், கொலை. நான் பொட்டலம் கட்டிக் குடுத்துக்கிட்டே "வினிகர் வேணுமா"ன்னு கேப்பேன். ஊருக்கே தெரிஞ்ச முகம், ஆனா ஒரு முழு சீன் கெடையாது. முப்பத்தெட்டு வருசத்துல இப்பதான் மொத மொத என் பாஷையில ஒரு வேசம் வந்திருக்கு. அத விட்டேன்னா அவ்வளவுதான். புரியுதாக்கா?

— தமிழச்சி வேசத்துக்கு தமிழச்சிக்கே பரீட்சை. நல்லாருக்கு போ. ட்ரில் நின்னுடுச்சி. வா, அழு.

— சரி. ரெடி. வாசி.

— "அம்மணி, உங்கள் மகள் ஒரு விபத்தில் சிக்கினார். நாங்கள் எங்களால் இயன்ற அனைத்தையும் செய்தோம்."

— "இல்லை... இல்லை... ஓ என் கடவுளே... அவள் என் உலகமாக இருந்தாள்..."

— பிரமி.

— கட் பண்ணாத! நடுவுல பேசாத!

— பிரமி, ஒண்ணு சொல்றேன், கோவிச்சுக்காத. நீ அழுவுறது தொரசானி அழுவுற மாரி இருக்கு. வாயப் பொத்திக்கிட்டு, மூக்கு செவக்காம, பவுடர் கலையாம.

— டீவிக்கு அப்படித்தான். கேமரா பக்கத்துல இருக்கு. அடக்கி வாசிக்கணும்.

— பெத்த வயிறு அடக்கி வாசிக்குமா?

— சும்மா நக்கல் பண்ணாத. முப்பது வருசமா இதுதான் என் தொழில்.

— எனக்கும் முப்பது வருசம் மாக் மண்டின் ஃபேக்டரியில தொழில். ஃபெரி புடிச்சி போயி, நைட்டு ஷிப்டு முடிச்சி, ஃபெரி புடிச்சி வருவேன். சர்க்கிட் பலகைய மிஷின்ல வச்சா நல்லதா பழுதான்னு பாத்ததும் சொல்லிருவேன். நீ இப்ப அழுதது பழுது.

— அப்ப நீயே சொல்லு! எப்படி அழுவுறது? அம்மா செத்தன்னிக்கி நீ எப்படி அழுத?

— நான் அழல.

— பொய் சொல்லாத.

— எனக்கு எங்க நேரம்? ஐயருக்கு ஓடணும், பூக்கடைக்கு ஓடணும், பத்து லஞ்சாங் சுடுகாட்டுக்கு எழுதிக் குடுக்கணும். வந்தவங்களுக்கு கோப்பி கலக்கணும். வந்தவங்க எல்லாம் கேக்குறாங்க, "சின்னவ எங்க, சின்னவ எங்க"ன்னு. சின்னவ மேடையில சூனியக்காரி. தொடப்பக்கட்டையில பறக்குறா.

— ஒரு நாளைக்கி ரெண்டு ஆட்டம்க்கா. எனக்கு மாத்து ஆளு இல்ல. ஒப்பந்தத்த மீறினா அதோட எவனும் கூப்பிட மாட்டான். எத்தன தடவ சொல்லிட்டேன்? அதான் இப்ப வருசத் திதிக்கி வந்து நின்னேன் இல்ல? இந்த ஒரு வாரமா நீ என்னக் குத்திக்கிட்டே இருக்க. சாம்பார்ல உப்பு கம்மின்னாலும் நான் வராததுதான் காரணம்.

— நான் ஒண்ணும் குத்தல.

— குத்துற. சரி, குத்து. ஆனா நான் கேக்குறதுக்கு ஒரு பதிலு சொல்லிட்டு குத்து. கடைசி ஒரு மாசம் அம்மா ஏன் எங்கிட்ட பேசல? நான் தெனம் கூப்பிட்டேன். நீ தெனம் "தூங்குறாங்க" சொன்ன. காலையில கூப்பிட்டாலும் தூக்கம், சாயங்காலம் கூப்பிட்டாலும் தூக்கம்.

— எம்பத்தஞ்சு வயசு கெழவி தூங்காம என்ன லா பண்ணுவாங்க?

— என்மேல கோவம். அதானே? நான் வரலன்னு கோவம். வந்த நாள்லேர்ந்து கேக்குறேன், நீ முகத்த திருப்பிக்குற.

— மணி நாலு இருவது. போலீஸ்காரன் வாசிக்கட்டா, வேணாமா?

— வாசிக்காத. அழுது காட்டு.

— என்னது?

— பழுதுன்னு சொன்ன இல்ல? நல்லது எப்படின்னு நீ காட்டு. பெத்தவ அழுவுற அழுகை. நான் பாத்துக் கத்துக்குறேன். என்ன, வாயி மட்டும்தானா?

— அலாமா, இது என்ன சூசா, பெரிய தொல்லையா இருக்கு... நான் என்ன நடிகையா?

— அதான் சொல்றேன், வாயி மட்டும்தான்.

— வாயாடாத. ஒக்காரு அங்க. சிரிக்கக் கூடாது. கால நீட்டிக்கிட்டு, இப்படி, நெஞ்சுல கைய வச்சிக்கிட்டு...

"பினாங்குக் கரைவிட்டுப் போனவளே எம் மவளே
பெத்தவ காத்திருக்கப் பெட்டியில படுத்தவளே
பனி பெய்யும் சீமையில பாய்விரிச்சிப் படுத்தவளே
போத்திவிட ஆளில்லாமப் போனியேடி பெருமிளா..."

— அக்கா.

— போதுமா? இப்படித்தான். இப்ப நீ செய்யி.

— பெருமிளான்னு சொன்ன.

— எதுகை மோனைக்கி வந்துச்சி.

— பெருமிளான்னு அம்மா மட்டும்தான் கூப்பிடுவாங்க. அவங்களுக்கு என் பேரு வாயில நொழையாது. இது நீயா கட்டுன பாட்டு இல்ல. யாரு அழுதது இது?

— விடு பிரமி.

— யாரு அழுதது?

— அம்மாதான்.

— யாருக்கு?

— ஒனக்குத்தான் லா! வேற யாருக்கு அழுவாங்க! ஒனக்கு!

— நான் உசுரோட இருக்கேனே.

— அது எனக்குத் தெரியும். ஒனக்குத் தெரியும். அம்மாவுக்குத் தெரியல... நீதானே அந்தக் கடைசி எபிசோட அனுப்புன? "இதுதான் என் கடைசி நாள், எல்லாரும் பாருங்க"ன்னு எழுதி, அழுவுற மொகம் நாலு போட்டு. தங்கச்சிக்கு முழு சீன் கெடச்சிருக்கேன்னு எனக்கு ஒரே பெரும. பெரிய டீவியில போட்டேன். பக்கத்து வீட்டு நூர்ஜான் அக்காவக் கூப்பிட்டேன். கோப்பி, பிஸ்கட்டு எல்லாம் வச்சி, அம்மாவ முன்னாடி நாற்காலியில ஒக்கார வச்சேன்.

— வேன் வந்து அடிக்கிற சீனப் பாத்து பயந்துட்டாங்களா?

— அதுக்கு ஒண்ணும் பண்ணல. "நடிக்கிறா, பாரு"ன்னு நூர்ஜான் அக்காகிட்ட சொல்லிச் சிரிச்சாங்க. அப்ப அவங்களுக்கு மறதி கொஞ்சம் கொஞ்சமா வந்துக்கிட்டிருந்த நேரம். ஆனா நாடகம்னா நாடகம்னு தெரியும். அப்புறம் ரீட்டாவோட சாவு மண்டபம் வந்துச்சி. பெட்டி வச்சிருந்தாங்க. பெட்டிக்குப் பக்கத்துல ஒரு படம்.

— ஐயோ.

— பினாங்கு ரோட்டு ஸ்டூடியோவுல நீ எடுத்தது. சீமைக்கிப் போறதுக்கு மொத நாளு. அந்தச் சேலைய ஒனக்குக் கட்டி விட்டதே அம்மாதான். அதே படம் அவங்க தலமாட்டுல முப்பத்தெட்டு வருசமா இருக்கு. அதுக்கு மாலை போட்டு, பொட்டு வச்சி, வெளக்கு ஏத்தி வச்சிருந்தாங்க. ரீட்டா சோப்ராவுக்கு அந்தப் படம் எப்படி லா போச்சி?

— செட்டுல சாமான் பாக்குறவங்க என் சின்ன வயசு படம் ஒண்ணு கேட்டாங்க. எப்பவும் அப்படித்தான், நடிக்கிறவங்க படத்தையே வாங்கி வச்சிருவாங்க. எங்கிட்ட அது ஒண்ணுதான் இருந்துச்சி.

— சரி, படத்த வச்சாங்க. மாலை எதுக்குப் போட்டாங்க? வெள்ளைக்காரனுக்கு அது எப்படித் தெரியும்? உசுரோட இருக்கிறவ படத்துக்கு எவனாவது மாலை போடுவானா?

— அவங்க போடல. ஒரு மெழுகுவத்தியும் ரெண்டு லில்லிப் பூவும்தான் வச்சிருந்தாங்க. நான்தான்... நான்தான் சண்ட போட்டேன். எங்க ஆளு செத்தா படத்துக்கு மாலை போடணும், பொட்டு வைக்கணும், பதினேழு வருசமா தப்புத்தப்பா காட்டுறீங்க, சாவையாவது ஒழுங்கா காட்டுங்கன்னு கத்துனேன். நான் சொல்லி அவங்க கேட்ட ஒரே விசயம் அதான்.

— அந்த மாலையப் பாத்ததும் அம்மா எந்திரிச்சி நின்னாங்க. "ஏன்டி மோகனா, எங்கிட்ட மறச்சிட்டீங்களா?"ன்னு கேட்டாங்க. அப்புறம் தரையில விழுந்து இந்தப் பாட்டு. நூர்ஜான் அக்காவும் நானும் புடிக்க முடியல.

— எங்கிட்ட சொல்லியிருக்கலாமே! வீடியோவுல காட்டியிருக்கலாமே!

— காட்டுனேன். மறுநாளே நீ கூப்பிட்ட, நெனவிருக்கா? அம்மா மூஞ்சிக்கி நேரா போன புடிச்சேன். நீ "அம்மா, சாப்பிட்டீங்களா"ன்ன. அம்மா அலறுனதும் போன என் பக்கம் திருப்பிட்டேன். நீ சத்தம் கேக்குதேன்ன, நான் டீவின்னு சொல்லிட்டேன். பாருங்க, பேசுறாளேன்னதுக்கு அம்மா, "செத்தவ படத்துல வர்றது என்னா அதிசயம்? நடிச்சி வச்சிட்டுப் போயிருக்கா. பேச்ச நிறுத்துடி, தாங்க முடியல"ன்னாங்க. ஒவ்வொரு தடவ நீ கூப்பிடும்போதும் அவங்களுக்கு மறுபடியும் சாவு வீடு. அதுக்கப்புறம்தான் தூங்குறாங்கன்னு சொல்ல ஆரம்பிச்சேன்.

— வான்னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா வந்திருப்பேன்க்கா. வேசத்த தூக்கிப் போட்டுட்டு வந்திருப்பேன். நேர்ல தொட்டுப் பாத்திருப்பாங்க.

— போன கையில எடுத்து எடுத்து வச்சேன். எப்படிச் சொல்வேன்? போட்டுக் காட்டுனதே நான்தானே. கோப்பி, பிஸ்கட்டோட. சொல்றதுக்கு நாக்கு வரல. அம்மா போனதுக்கப்புறம் சுத்தமா வரல. அதான் ஊரு பூரா, "அவ வரல, அவளுக்கு நடிப்புதான் பெருசு"ன்னு சொல்லித் திரிஞ்சேன். சொல்லச் சொல்ல எனக்கே அது நெசம் மாரி ஆயிருச்சி. ஒன்னயக் குத்துனேன்னு சொன்ன இல்ல? ஆமா, குத்துனேன்.

— எனக்குப் பதினாறெல்லாம் செஞ்சீங்களா?

— செய்யிடின்னு ஒரே அழுவ. சோத்தத் தொடல. வேற வழியில்லாம படையல் போட்டேன். ஒனக்குப் புடிச்ச எறா சம்பால், கத்தரிக்கா எல்லாம் வச்சி. மறுநாளே தண்ணிமலை ஏறி முருகன்கிட்ட மன்னிப்புக் கேட்டேன். உசுரோட இருக்கிறவளுக்குப் படைச்சிட்டேன், அவள ஒண்ணும் பண்ணிராதன்னு... அழாத பிரமி. மூக்கு செவந்து போச்சி பாரு. மணி அஞ்சாவப் பத்து நிமிசம் இருக்கு. போன ஆன் பண்ணவா? இப்ப அழுதா நல்லா வரும்.

— பண்ணாத.

— வேசம் போயிரும் லா.

— போவட்டும். அந்தப் பாட்ட நான் எவனுக்கும் அனுப்ப மாட்டேன். நீ ஒண்ணு மட்டும் நெசமாச் சொல்லு. கடைசி வரைக்கும் அப்படி அழுதுக்கிட்டேவா அம்மா உசுர விட்டாங்க?

— இல்ல. கடைசி நாளு காலையில தானே எந்திரிச்சி தலை வாரச் சொன்னாங்க. நல்ல சேலையா எடுத்து கட்டுன்னாங்க. மொகத்துல அப்படி ஒரு சிரிப்பு. எங்க கெளம்பிட்டீங்கம்மான்னு கேட்டேன். "பெருமிளாவுக்குத்தான் லீவே கெடைக்காது. நானே போயிப் பாத்துக்குறேன்"னாங்க.