கற்பூரம் அணைத்த கை

சத்தியத்துக்குக் கட்டிக் கற்பூரம்தான் நல்லது. வில்லைக் கற்பூரம் லேசாகக் காற்றடித்தாலே அணைந்துவிடும். பிறகு கை அணைத்ததா காற்று அணைத்ததா என்று அதற்கொரு வழக்கு வரும். முஹம்மது நானா தன் கடையில் எனக்கென்றே கட்டிக் கற்பூரம் எடுத்து வைப்பார்.

ஐயா, என் வாக்குமூலத்தைச் சிங்களத்தில் எழுதிக் கையெழுத்துக் கேட்டீர்கள். வாசித்து விளங்காத எதிலும் நான் கையெழுத்து வைப்பதில்லை. இருபத்திரண்டு வருடம் தோட்டத்தில் தொழிற்சங்கத் தலைவராக இருந்தவன். துரைமார் நீட்டிய எத்தனையோ தாள்களை இப்படித்தான் திருப்பிக் கொடுத்தேன். அதனால் என் கையாலேயே தமிழில் எழுதித் தருகிறேன். என்னை யாரும் அடிக்கவில்லை, மிரட்டவில்லை. பிளேன்டீயும் கொடுத்தீர்கள்.

என் பெயர் கஜேந்திரன். டயகமப் பக்கம் எங்கள் தோட்டத்தின் கீழ்ப் பிரிவில் முன்பெல்லாம் கசிப்புதான் தொல்லை. ஆற்றோரம் நாலு பீப்பாயில் காய்ச்சுவார்கள்; நாற்றம் நாங்கள் குடியிருக்கிற லயம் வரைக்கும் வரும். சம்பள நாளில் ஆண்கள் தள்ளாடாமல் வீடு சேர்ந்ததில்லை, பெண்கள் அடி வாங்காமல் தூங்கியதில்லை. துரை கண்டுகொள்ளவில்லை. போலீசும் கண்டுகொள்ளவில்லை. ஒன்பது வருடத்துக்கு முன்னால் நான்தான் தப்படிக்கச் சொல்லி மொத்தப் பிரிவையும் மாரியம்மன் கோயிலுக்கு வரவழைத்தேன்.

ஒவ்வொருவராக வந்து, எரிகிற கற்பூரத்தின் மேல் உள்ளங்கையை வைத்து அணைத்தார்கள். இனி நஞ்சைத் தொட மாட்டேன், மீறினால் என் பிள்ளை தலையில் விடியட்டும் என்று சொல்லி அணைத்தார்கள். எங்கள் ஜனங்கள் போலீசிடம் பொய் சொல்வார்கள், நீதிமன்றத்தில் பொய் சொல்வார்கள். கற்பூரத்தை அணைத்துவிட்டு மீற மாட்டார்கள். அன்று முதலில் கை வைத்தவன் நான். இந்தப் பிரிவுக்குள் நஞ்சை விட மாட்டேன் என்று என் ஒரே மகன் மதுரன் தலை மேல் சத்தியம் செய்தேன். மூன்றே மாதத்தில் ஆற்றோரத்தில் ஒரு பீப்பாயும் இல்லை. பெண்கள் என்னைக் கண்டால் கையெடுத்துக் கும்பிட்டார்கள்.

பிறகுதான் நல்லமுத்து வந்தான். எங்கள் லயத்தில் பிறந்தவன். கொழும்புக்கு ஹோட்டல் வேலைக்குப் போய், அங்கே ஏதோ சண்டையில் சிறைக்குப் போய், சிறையில் பெரிய ஆட்களின் பழக்கத்தோடு திரும்பியவன். அவன் கொண்டுவந்த ஐஸ் என்கிற போதைப்பொருளுக்கு நாற்றம் கிடையாது, பீப்பாய் வேண்டாம், சட்டைப் பையில் அடங்கிவிடும். கசிப்புக் காய்ச்சியவனை எனக்குத் தெரியும். அவன் அப்பனையும் தெரியும். இதன் முதலாளி எந்த நாட்டில் இருக்கிறான் என்று நல்லமுத்துவுக்கே தெரியாது. போனில் குரல் மட்டும் வரும். அந்தக் குரலுக்கு லிந்துலையில் ஆள் உண்டு, நல்லதண்ணியில் யாத்திரைச் சீசன் கடைகளுக்கு நடுவிலும் ஆள் உண்டு.

"தலைவரே, நீங்க ஒண்ணையும் தொட வேணாம். நம்ம ஆளுங்க வாயைத் தெறக்காம மட்டும் பாத்துக்கங்க. அது உங்களால மட்டுந்தான் முடியும்" என்றான்.

எனக்குக் கோபம் வந்தது. அவன் மேல் இல்லை. இருநூறு வருடமாக எங்கள் முதுகில் ஏறிச் சம்பாதித்தவர்கள் மேல் வந்தது. கூரை ஒழுகுகிறது என்று எழுதிய கடிதத்துக்குப் பதில் போடாதவர்கள் மேல், தேர்தலுக்குத் தேர்தல் வந்து எங்கள் தோளில் கை போட்டுப் படம் எடுத்துக்கொண்டவர்கள் மேல் வந்தது. அந்தக் கோபம் இன்னும் அப்படியே இருக்கிறது. எப்படியும் வரப்போகிற சாமான், டவுன்காரன் கை வழியாக வந்து அவன் மாடி வீடு கட்டுவானேன்? எங்கள் ஆட்கள் கை வழியாக வந்தால் எங்கள் ஆட்களாவது நிமிரட்டும் என்று நினைத்தேன். இதில் என்ன பிழை என்று இன்றுவரை யாரும் எனக்குச் சொல்லவில்லை.

சாமானைக் கொண்டுவரவும் ஒளித்து வைக்கவும் பதினொரு வீடுகளைத் தேர்ந்தெடுத்தேன். குடிக்காத, சண்டை போடாத, சொன்ன சொல் தவறாத வீடுகள். அதே கோயில், அதே கட்டிக் கற்பூரம். யார் கேட்டாலும், எது நடந்தாலும் வாய் திறக்க மாட்டேன், மீறினால் என் பிள்ளை தலையில் விடியட்டும் என்று இந்தத் தடவை சொல்ல வைத்தேன்.

அதில் ஒரு வீடு ஜெயந்தினியின் வீடு. புருஷன் விட்டுவிட்டுப் போனவள், கொழுந்து பறிக்கிறவள், ஒரே மகள். மகள் சுலக்ஷனாவுக்குப் பத்தொன்பது வயது. தலவாக்கலையில் கம்ப்யூட்டர் வகுப்புக்குத் தினமும் பஸ்ஸில் போய்வந்தாள். புத்தகப் பையோடு வருகிற பிள்ளையை யாரும் சோதிப்பதில்லை.

"அது படிக்கிற புள்ள, தலைவரே" என்றாள் ஜெயந்தினி.

"அதனாலதாம்மா கேக்குறேன்" என்றேன். மறுநாள் வந்து அவளும் கற்பூரத்தை அணைத்தாள். அவளுக்குக் கூலி வேண்டியிருந்தது உண்மை. ஆனால் அதற்காக அவள் சம்மதிக்கவில்லை. கேட்டது நான் என்பதால் சம்மதித்தாள்.

போன மார்ச்சில் ஒரு செவ்வாய்க்கிழமை, வழியில் போலீஸ் பஸ்ஸில் ஏறியது. அன்று புத்தகப் பைகளையும் திறக்கச் சொன்னார்கள். அந்தப் பிள்ளை பயத்தில் பொட்டலத்தை வாயில் போட்டு விழுங்கிவிட்டது. பன்னிரண்டு மணிக்கு லயத்துக்கு வந்தபோது உடம்பு நெருப்பாகக் கொதித்தது, நெஞ்சு படபடவென்று அடித்தது. மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்த ஜெயந்தினியை ஆள் விட்டுக் கூப்பிட்டேன். என் வேனில் நான்தான் இருவரையும் ஏற்றிக்கொண்டு போனேன். இதை எழுதிக்கொள்ள வேண்டும். வேறு யாருடைய வாகனமும் வரவில்லை.

"மாமா, முழுங்கிட்டேன் மாமா, டொக்டர்கிட்ட சொல்லிருங்க" என்று வழியில் சுலக்ஷனா என்னிடம் சொன்னாள். ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்வதற்குள் பேச்சுக் குழறிவிட்டது.

டாக்டர் சின்ன வயதுப் பெண், யாழ்ப்பாணத்துக்காரி. "அம்மா, பிள்ளை எதையும் விழுங்கினவவா? மறைக்காமச் சொல்லுங்கோ. தெரிஞ்சால்தான் மருந்து செய்யலாம்" என்றாள். மூன்று தடவை கேட்டாள்.

ஜெயந்தினி டாக்டரைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள். நான் ஒரு வார்த்தையும் பேசவில்லை. கற்பூரத்தை அணைக்கிறபோது விரிப்போமே, அதுபோல என் வலது உள்ளங்கையைச் சற்று விரித்துக் காட்டினேன். அவ்வளவுதான்.

"காச்சல்தாங்க" என்றாள் ஜெயந்தினி.

நீங்கள் நினைப்பது போல அவள் எனக்குப் பயந்து அப்படிச் சொல்லவில்லை. சத்தியம் மகள் தலை மேல் இருந்தது. வாயைத் திறந்தால் மகள் செத்துவிடுவாள் என்று நம்பினாள். மகளைக் காப்பாற்றத்தான் வாயை மூடினாள். அது எனக்குத் தெரியும். தெரிந்துதான் கையை விரித்தேன். பொட்டலம் வயிற்றில் உடைந்தால் தாமதிக்காமல் டாக்டரிடம் சொல்லிவிட வேண்டும் என்று நல்லமுத்து எனக்கு முன்பே சொல்லியிருந்தான். அதுவும் தெரியும். நாலேகால் மணிக்குப் பிள்ளையின் உயிர் போயிற்று.

சாவுச் செலவு முழுக்க என்னுடையது. பாடைக்கு முதல் தோளும் என்னுடையது. பிரேதப் பரிசோதனையில் விஷயம் தெரிந்து நீங்கள் பதினொரு வீட்டிலும் விசாரித்தீர்கள். பதினொரு வீட்டிலும் ஒருவர் வாய் திறக்கவில்லை. இந்த நாட்டில் எந்த மந்திரியின் பேச்சுக்கு இப்படி ஒரு மரியாதை இருக்கிறது?

பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள், காலைப் பெரட்டில் எல்லாரும் வேலைக்குப் பேர் கொடுத்துக்கொண்டு நிற்கும்போது, ஜெயந்தினி என் முன்னால் வந்து நின்றாள். அழவில்லை.

"இனிமே யாரு தலையில விடியப் போவுது, தலைவரே? எனக்குத்தான் தலையே இல்லையே. அம்புட்டுத் தலையும் ஒங்கிட்டதான்டா இருக்கு" என்றாள். இருபத்திரண்டு வருடத்தில் என்னை யாரும் அந்தப் பிரிவில் ‘டா’ போட்டதில்லை. அங்கிருந்து நேராக உங்களிடம்தான் வந்தாள்.

அவள் மேல் எனக்கு வருத்தம் உண்டு. பதினொரு பேரில் சத்தியத்தை மீறியவள் அவள் ஒருத்திதான். நான் மீறவில்லை. மீறியிருந்தால் என் மதுரன் தலையில் அல்லவா விடிந்திருக்க வேண்டும்? அவன் கட்டாரில் நல்ல வேலையில் இருக்கிறான், ஒரு குறையும் இல்லை. இதைவிட வேறென்ன சாட்சி வேண்டும்?

மேலே எழுதியதெல்லாம் உண்மை என்று ஒப்புக்கொண்டு கையெழுத்து வைக்கிறேன். ஒரே ஒரு உதவி, ஐயா. என் போனை நீங்கள் வாங்கி வைத்து மூன்று நாளாகிறது. மதுரனோடு ஒரு தடவை பேச விடுங்கள். நன்றாக இருக்கிறானா என்று மட்டும் கேட்டுவிட்டு வைத்துவிடுகிறேன்.