வள்ளம் ஓடாத நாள்

— மனோகரி அக்கா, அனலைதீவுக்குக் கடைசி வள்ளம் வெளிக்கிடப்போகுது. என்ன இன்னும் கந்தோர் வாசல்ல நிக்கிறியள்?

— போகட்டும், தேனுஜன். இண்டைக்கு இஞ்சை மச்சாள் வீட்டில நிப்பன்.

— அப்ப உள்ளுக்கு வந்து கதிரையில இருங்கோவன். நான் தேத்தண்ணி போடுறன். ஒன்பது வரியமா நீங்கள்தானே எங்களுக்கு ஊத்தினது.

— வேண்டாம். நீர் இரும்.

— நிரந்தரமாக்கிற இன்டர்வியூ எப்பிடி? யாழ்ப்பாணத்தில கன நேரம் வைச்சிருந்தவையோ?

— மூண்டு பேர் இருந்தவை. நடுவில ஒரு அம்மா. முதல் வயதைக் கேட்டா. ஆவணியோட நாப்பத்தைஞ்சு எண்டன். அதுக்கு மேல எடுக்கமாட்டினம், அப்ப இதுதான் கடைசித் தரம் எண்டா.

— அது தெரிஞ்சதுதானே. வேற?

— நாளைக்கு உம்மட இன்டர்வியூவுக்கு என்ன சேட் போடப்போறீர்?

— வெள்ளை. முருகேசு அண்ணையிட்டை இரவல். கதையை மாத்தாதேங்கோ அக்கா. எனக்கும் அதைத்தான் கேப்பினம். நானும் ஐஞ்சு வரியமா தற்காலிகம். நிரந்தரக் கடிதத்தைக் கண்டாத்தான் நாள் வைப்பமெண்டு பொம்பிளை வீட்டார் நிக்கினம்.

— வரவு இடாப்பைத்தான் பாத்தவை. நூற்றெண்பது நாள் ஒரு நாளும் விடாமல் வந்திருக்க வேணுமெல்லோ.

— வந்திருக்கிறியள். நான் ரெண்டு தரம் எண்ணிப் பாத்தனான்.

— கார்த்திகையில புயலடிச்ச அண்டைக்கு?

— அண்டைக்கும் கையெழுத்து இருக்கு.

— இருக்கு. அதைத்தான் அந்த அம்மா விரலால தொட்டுக் காட்டினா. அண்டைக்கு அனலைதீவில இருந்து வள்ளமே ஓடேல்லை, நீர் நீந்தியோ வந்தனீர் எண்டு கேட்டா. மற்ற ரெண்டு பேரும் சிரிச்சவை.

— அண்டைக்கு நாரந்தனையில இருந்து சைக்கிள்ல வந்து, நான்தான் கந்தோரைத் திறந்தனான். வேற ஒருத்தரும் இல்லை. உங்கட பேருக்கு நேர வெறுமையாக் கிடந்தது. ஒரு நாளால ஒன்பது வரியமும் போயிடுமே எண்டுதான் போட்டனான்.

— தெரியும். நான் கேக்கேல்லை. அடுத்த நாள் கண்டிட்டுப் பேசாமலும் இருந்தனான்.

— வெறுமையா விட்டிருந்தா மட்டும் தந்திருப்பினமோ?

— தந்திருப்பினமாம்.

— என்ன?

— கடல் குழம்பி வள்ளம் ஓடாட்டில், தீவு ஆக்களுக்கு அது விசேட லீவாம். வந்த நாளாத்தான் எண்ணுவினமாம். சுற்றறிக்கையின்ரை கடைசிப் பக்கத்தில இருக்காம்.

— எங்களுக்கு அந்தப் பக்கத்தை ஒருத்தரும் காட்டேல்லையே.

— சுவரில முன்பக்கத்தைத்தானே ஒட்டினவை.

— வள்ளம் போயிட்டுது, அக்கா.

— கேக்குது.

— நாளைக்கு நான் அவைக்கு விளங்கப்படுத்துறன். உங்களுக்கு ஒண்டும் தெரியாது, நான் அறியாமல் செய்தது எண்டு சொல்லுறன். என்ரை வேலை போனாப் போகட்டும்.

— அப்பிடிச் சொல்லாதையும்.

— இல்லாட்டில் கள்ளக் கையெழுத்து எண்டு உங்களையெல்லோ பிடிப்பினம்?

— அது என்ரை இல்லை எண்டு அவைக்கு விளங்கிட்டுது. மற்ற நாள் கையெழுத்துகளோட ஒப்பிட்டுப் பாத்தவை. ஆர் போட்டது எண்டு கேட்டவை.

— தெரியாது எண்டு சொல்லியிருப்பியள்.

— சொன்னனான். திரும்பக் கேட்டவை. திரும்பவும் தெரியாது எண்டனான்.

— பிறகு?

— ஆளைச் சொன்னா என்ரை பைலை இன்னொருக்காப் பாக்கலாம் எண்டா அந்த அம்மா.

— பாத்தவையோ?

— இல்லை. அண்டைக்கு வேற ஆர் கையெழுத்து வைச்சது எண்டு இடாப்பைப் பாத்தவை. என்ரையை மூடி வைச்சிட்டு, நாளைக்கு வாற ஆக்களின்ரை கட்டுக்குள்ள இருந்து உம்மடையை எடுத்தவை, தேனுஜன்.