பன்னிரண்டாம் நம்பர் ஜெர்சி

இரவு பத்தே கால். சேரம்பாடியிலிருந்து எஸ்டேட்டுக்கு ஏறுகிற பேர்ந்த தார் ரோடு. கடைசி பஸ் இறக்கிவிட்டுத் திரும்பிவிட்டது. இரண்டு பக்கமும் தேயிலை. நடுவில் ஒரே ஆள்... தோளில் அரிசிச் சாக்கு, சாக்குக்குள் வெள்ளிக் கப்பு.

கதை கேட்க உட்கார்ந்தவர்கள் அந்தக் கதவைச் சாத்திக்கொள்ளுங்கள், பனி உள்ளே வருகிறது.

அந்த ஆள் பொன்ராஜ். நம்ம லாரி டிரைவர் அஜய் இருக்கிறானே, அவனுடைய தாய்மாமன். எஸ்டேட் கால்பந்து டீமுக்குக் கேப்டன். மற்றவர்கள் கூடலூரிலேயே பிராந்திக்கு உட்கார்ந்துவிட்டார்கள். மறுநாள் காலையில் மேனேஜர் கையில் ஒரு பட்டியல் கொடுக்க வேண்டும் என்பதால் இவர் மட்டும் கிளம்பி வந்தார். போனில் காலையிலிருந்தே சார்ஜ் இல்லை.

முதல் வளைவு தாண்டியதும் பின்னால் சத்தம்.

டக்... சர்ர்... டக்... சர்ர்...

அடியில் குமிழ் வைத்த ஆட்ட பூட்ஸ். ஒரு கால் ஊன்றுகிறது, ஒரு கால் இழுக்கிறது. கூடவே கோடாலித் தைல வாசனை.

பொன்ராஜ் பயப்படவில்லை. வருவது டீமில் முட்டி வீங்கிய பையன் ஜீவா என்று தெரியும். தெரிந்ததால்தான் திரும்பிப் பார்க்கவில்லை.

அந்த வருஷம் சீசன் தொடங்கும்போது டீமுக்கு உடுப்பு கிடையாது. கூடலூர் சந்தையில் மூட்டையாக வந்து இறங்கும் பழைய துணிக் கடையில் பொன்ராஜ் ஒரு கட்டு ஜெர்சி பிடித்தார். சிவப்பு. நெஞ்சில் ஏதோ கனடா டீமின் பெயர், கீழே சாம்பியன்ஸ் என்று கொட்டை எழுத்து. அஜய் போனில் தேடிச் சொன்னான். அந்த டீம் வருஷக்கணக்காக அடி வாங்கி, ஊரே காறித் துப்பி, ஒரே ஒரு சீசனில் எழுந்து நின்று கப்பு அடித்ததாம். அங்கே கால்பந்து என்றால் முட்டை மாதிரி பந்து, கையில் தூக்கிக்கொண்டு ஓடுவார்கள். பனி கொட்டக் கொட்ட ஆடுவார்கள். ஒரு பக்கத்துக்குப் பன்னிரண்டு பேர்.

அந்தத் துணிக் கட்டுக்குள்ளும் பன்னிரண்டு ஜெர்சிதான் இருந்தது.

ராசியான துணி. அதைப் போட்டு எஸ்டேட் டீம் தோற்கவே இல்லை. தேவாலா, ஓவேலி, எல்லாரையும் அடித்தார்கள். பாதிக்கு மேல் கோல் இடது ஓரத்தில் ஓடும் ஜீவா போட்டது. ஊரில் அவர்களைக் "கனடாக்காரனுக" என்றுதான் கூப்பிட்டார்கள். மேனேஜரும் உற்சாகத்தில் சொல்லிவிட்டார்: கப்பு வந்தால், ஃபைனலில் இறங்குகிற பதினோரு பேரும் எஸ்டேட்டில் பர்மனென்ட், கேப்டன் பெயர்ப் பட்டியல் கொடுத்தால் போதும். ரிசர்வ் ஆளுக்குக் கிடையாது. ஃபைனலுக்கு லீவும் அந்தப் பதினோரு பேருக்கு மட்டும்.

ஜீவாவுக்கு அது விளையாட்டு இல்லை. அப்பா பழனியாண்டிக்கு மார்ச்சில் ரிட்டையர்மென்ட். வீட்டில் பர்மனென்ட் ஆள் இல்லையென்றால் எஸ்டேட் கொடுத்த லைன் வீட்டைக் காலி செய்ய வேண்டும். மனைவி ரேணுகா ஐந்து மாதம்.

செமி ஃபைனலில் ஜீவாவுக்கு இடது முட்டி வீங்கியது. பொன்ராஜ் ஃபைனலுக்கு அவனை எடுத்துவிட்டுத் தன் மச்சினன் கீர்த்திவாசனைப் போட்டார். முட்டி வீங்கியிருந்தது உண்மை. அந்த முட்டியோடேயே அவன் கீர்த்திவாசனைவிட நன்றாக ஆடுவான் என்பதும் உண்மை.

ஜீவா சண்டை போடவில்லை. பன்னிரண்டாம் நம்பர் ஜெர்சியை மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு சிரித்தான்.

"கனடாவுல பன்னெண்டு பேராமேண்ணே. அங்க பொறந்திருந்தா எனக்கும் எடமிருந்திருக்கும்."

"போடா, இந்த மொண்டி மாடு அங்கயும் நொண்டும்," என்றான் கீர்த்திவாசன்.

ஃபைனல் அன்று மதியம் இரண்டு மணி. கூடலூர் மைதானத்தில் எதிர் கோல் போஸ்ட் தெரியாத மூடுபனி. விசில் ஊதப்போன ரெஃப்ரி கையை இறக்கினார். மலையாளத்துக்காரர்.

"எந்தா கேப்டா, பன்னெண்டு ஆளு? ஒராள் வெளிய போ."

பொன்ராஜ் எண்ணினார். பதினொன்று. ரெஃப்ரி எண்ணினார். பன்னிரண்டு. பக்கத்தில் வந்து ஒவ்வொருவர் தோளையும் தொட்டு எண்ணினார்... பதினொன்று. மஞ்சள் அட்டையைக் காட்டிவிட்டு, முனகிக்கொண்டே விசில் ஊதினார்.

கடைசி நிமிஷத்தில் இடது ஓரத்திலிருந்து ஒரு பந்து வளைந்து வந்தது. பொன்ராஜ் தலை கொடுத்தார். கோல். இடது ஓரத்து ஆள் கீர்த்திவாசன். அவன் அப்போது கெண்டைக்கால் பிடித்துக்கொண்டு நடு மைதானத்தில் கிடந்தான்.

யார் அடித்தது என்று ஒருவரும் கேட்கவில்லை. கப்பு கைக்கு வந்துவிட்டது.

இரண்டாவது வளைவு. டக்... சர்ர்... நெருங்கி வந்தது.

"ஜெயிச்சாச்சுடா ஜீவா," என்றார் பொன்ராஜ், முன்னால் பார்த்தபடி. "அடுத்த லிஸ்ட்ல மொத பேரு உன்னுதுதான். எங்காத்தா மேல சத்தியம்."

சத்தம் நின்றது. தேயிலைக்குள் ஒரு பூச்சிகூடக் கத்தவில்லை. பிறகு, காதுக்கு ஒரு சாண் தள்ளி...

"இன்னிக்கு நல்லா ஆடுனேனாண்ணே?"

பொன்ராஜ் திரும்பினார். ரோடு காலி. தைல வாசனை மட்டும்.

ஓட்டமும் நடையுமாக லைனுக்கு வந்தால், ஜீவா வீட்டு வாசலில் ஊரே நின்றது. நடுவில் வெள்ளைத் துணி சுற்றிய உடம்பு. லீவு இல்லாததால் காலையில் தேயிலைச் செடி கவாத்து வெட்டப் போயிருக்கிறான். மூடுபனிக்குள் யானை நின்றது தெரியவில்லை. முட்டி ஓட விடவில்லை. பதினோரு மணிக்கே முடிந்துவிட்டது; மலையில் டவர் கிடைக்காமல் டீமில் யாருக்கும் சேதி எட்டவில்லை. சட்டைக்கு மேல் சிவப்பு ஜெர்சியும் காலில் ஆட்ட பூட்ஸும் போட்டுக்கொண்டுதான் வேலைக்குப் போயிருந்தான். ஜெர்சியை ரேணுகா அவனோடு குழியிலேயே போட்டாள்.

புதைத்துவிட்டுத் திரும்பும் வழியில் பழனியாண்டி பொன்ராஜின் கையைப் பிடித்தார்.

"அந்த லிஸ்ட்ல எம் மருமக பேர எழுதுப்பா. ஒரு பேருதான்."

பட்டியல் அப்போதும் பொன்ராஜின் சட்டைப் பையில்தான் இருந்தது. வீட்டுக்கு வந்து எடுத்துப் பிரித்தார். பேனாவையும் எடுத்தார்.

"என் தம்பி பேர அடிச்சீங்கன்னா நான் எங்கூட்டுக்குப் போயிருவேன்," என்றாள் மனைவி பேச்சி.

பட்டியல் மாறாமல் போனது. கீர்த்திவாசன் பர்மனென்ட். மார்ச்சில் பழனியாண்டியின் லைன் வீடும் அவனுக்கே கிடைத்தது. ரேணுகா கைக்குழந்தையோடு திருப்பூர் போனாள். பனியன் கம்பெனியில் சட்டைக்கு நம்பர் ஒட்டுகிற வேலை.

அடுத்த சீசன் முதல் ஆட்டத்தில் விசிலுக்கு முன் ரெஃப்ரி கையை இறக்கினார். பன்னிரண்டு. இரண்டாவது ஆட்டம், வேறு ரெஃப்ரி, நல்ல வெயில். பன்னிரண்டு. மூன்றாவதில் டீமையே வெளியே அனுப்பிவிட்டார்கள்.

நான்காவது ஆட்டத்தில் பொன்ராஜ் யாரிடமும் ஒன்றும் சொல்லாமல் பத்துப் பேரோடு இறங்கினார். கீர்த்திவாசன் வெளியே உட்கார்ந்தான். இன்றுவரை அவர்கள் பத்துப் பேரோடுதான் இறங்குகிறார்கள், போய்ப் பார்த்தவர்கள் சொல்வார்கள். இடது ஓரம் காலி.

ரெஃப்ரி விரலை நீட்டி ஒவ்வொருவராக எண்ணிக்கொண்டு வருவார். எட்டு... ஒன்பது... பத்து... விரல் இடது ஓரத்துக்குப் போய், வெறும் புல்லுக்கு மேல் ஒரு நொடி நிற்கும்.

"பதினொண்ணு. கரெக்டா உண்டு."

விசில்.