கடன் தீர்ந்த பின்னும் தவணை கட்டுகிறார் ஒருவர்

கோப்புக்குப் பின்னே ஓர் உயிர் இருப்பதை ஒருநாளும் மறவாத குணக்குன்றே! கையெழுத்துக் கேட்டு வந்தவர்களைக் கேள்வி கேட்டே கலங்கடித்த எங்கள் கேள்வி அக்காவே! இந்த ஆயுள் காப்பீட்டுக் கிளையின் அன்பே, அச்சமே, அரணே! வணங்குகிறோம்.

முகவராய் நுழைந்து, முதன்மை அலுவலராய் உயர்ந்து, முடி நரைத்தும் முனை மழுங்காத தங்களை, பணி ஓய்வு பெறும் இந்நாளில் வாழ்த்தக் கூடியிருக்கிறோம். வாழ்த்த வந்தவர்கள் முகத்தில் ஏன் இத்தனை கலவரம் என்று தாங்கள் கேட்பீர்கள். மறைப்பானேன், பயமாக இருக்கிறது.

கடன் கொடுத்தவர், கடன் வாங்கியவரின் உயிர்மேல் காப்பீடு எடுக்க வந்தால் தாங்கள் கேட்கும் முதல் கேள்வியை வாசல் காவலாளிகூட அறிவார். "இந்த ஆள் இருந்தா உங்களுக்கு நல்லதா, போனா நல்லதா?" இருந்தால்தான் நல்லது என்பவருக்கே காப்பீடு, அதுவும் கடன் அளவுக்கே என்ற சட்டத்தை இதைவிடச் சுருக்கமாய் எந்த வழக்கறிஞரும் சொன்னதில்லை. மென்று விழுங்கியவர்களை வந்த வழியே அனுப்பியும் வைத்தீர்கள்.

ஆனால் காப்பீடு எடுத்த நாளில் கடன் இருந்ததா என்பதை மட்டுமே சட்டம் பார்க்கிறது. கயிற்றில் தொங்கி உயரக் கட்டடங்களுக்கு வண்ணம் பூசும் நம் பெயிண்டர், வட்டிக்கடைக்காரரிடம் வாங்கிய கடனை என்றோ அடைத்துவிட்டார். அவர் உயிர்மேல் எடுத்த காப்பீடோ இன்னும் கடைக்காரர் கையில் கிடக்கிறது; பெயிண்டர் போனால் பணம் கடைக்காரருக்கே. காப்பீட்டுத் தவணையும் தவறாமல் வருகிறது. "பாலிசியை அவர் பேருக்கே எழுதிக் கொடுத்துடுங்க" என்று தாங்கள் கேட்டபோதெல்லாம், "என்ன அவசரம் மேடம், இருக்கட்டும்" என்று சிரித்தார் கடைக்காரர். சட்டம் கைவிரித்த இடத்தில் தாங்கள் ஒரு வழக்கத்தை உண்டாக்கினீர்கள். கடைக்காரர் தவணை கட்டும் ஒவ்வொரு முறையும், ரசீதை நீட்டும் முன், அவர் கண்ணெதிரே பெயிண்டருக்குப் போன் போட்டீர்கள். "தம்பி, நல்லா இருக்கீங்களா? கயிறு சரியா இருக்கா?" எந்த விதியிலும் இல்லாத வேலை. மேலதிகாரி கடிந்தும் தாங்கள் விடவில்லை. நாம் பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்று கடைக்காரருக்குத் தெரிந்தால் போதும் என்றீர்கள்.

போன வாரம் கடைக்காரர் வந்தார். தவணைக்கு இன்னும் நாள் இருந்தது. "மேடம் எப்ப ரிட்டயர் ஆகுறாங்க?" என்று மட்டும் கேட்டுவிட்டுப் போனார். அன்று தொடங்கியது எங்கள் பயம்.

எனினும் வாழ்த்துகிறோம். அலைச்சல் நீங்கி, அமைதி ஓங்கி, உடல் நலமும் உறவு வளமும் சூழத் தாங்கள் நெடுங்காலம் வாழ வேண்டும். தங்கள் உயிர்மேல் சட்டப்படி எங்களுக்கு எந்தப் பாத்தியதையும் இல்லை. ஆனாலும் தாங்கள் இல்லாத ஒரு நாளை எங்களால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

அச்சான மடல் இங்கே முடிகிறது. கீழே உள்ளதைச் சற்று முன், தாங்கள் மேடையில் அமர்ந்த பிறகு, பேனாவால் எழுதினோம்.

அக்கா, தங்கள் வழக்கத்தை இனி நாங்கள் தொடரலாமென்று பெயிண்டரைக் கூப்பிட்டோம். "மேடம் இல்லையா? அவங்ககிட்ட ஒண்ணு கேக்கணும்னு இருந்தேன். வட்டிக்கடைக்காரர் அவரோட புதுக் கட்டடத்துக்குப் பெயிண்ட் அடிக்கக் கூப்பிடுறாரு. கயிறெல்லாம் அவரே வாங்கி வச்சிருக்காராம். நாளைக்குப் போகவா?" என்றார். போகாதீர்கள் என்றோம். "நீங்க யாருன்னே தெரியலையே. கூலி வர்ற வேலையை எப்படி விடுறது? மேடம் சொன்னா கேக்குறேன்" என்றார்.

ஆகவே நன்றியுரைக்கும் கைதட்டலுக்கும் காத்திருக்க வேண்டாம். அவர் எண்ணை அழுத்திவிட்டோம், மணி அடிக்கிறது. இந்தாருங்கள் அக்கா, பேசுங்கள்.

தங்களை இன்னும் விட மனமில்லாத,
கிளை ஊழியர்கள்