பாலம் திறக்கட்டும், வாரேன்

திண்டுக்கல் ஸ்டேஷன் டிக்கெட் வரிசையில் எனக்கு முன்னால் ஒரு கணவனும் மனைவியும் நின்றார்கள். அறுபதைத் தாண்டியவர்கள்.

"எத்தனை தடவ ராமேஸ்வரம் போயிட்டோம்! கப்பலுக்காகப் பாம்பன் பாலம் தெறந்து நான் ஒருநாளும் பாத்ததில்ல" என்றார் அந்த அம்மா.

"நம்ம ரயிலு மேல போகையில எப்படித் தெறப்பாங்க? கடல்ல விழுகவா?"

"இதக் கல்யாணமான புதுசுலயே சொல்லியிருக்கலாம்ல?"

"சரி விடு. பழைய பாலம் நடுவுல ரெண்டாப் பிரிஞ்சு, கையத் தூக்குன மாதிரி நிக்கும். ஆளுக நின்னு இரும்புக் கம்பியத் தள்ளிச் சுத்தித்தான் தெறப்பாங்க. இப்ப அதுல ரயிலே போறதில்ல. பக்கத்துலயே புதுசு கட்டிட்டாங்க. அது மோட்டார்ல நேரா மேல ஏறும்."

"அம்புட்டும் தெரியுதே. நீங்க எப்பப் பாத்தீக?"

அவர் தொண்டையைச் செருமிக்கொண்டார். "கூட்டாளிகளோட பஸ்ஸுல போனேன்ல. அப்ப பக்கத்துல இருக்குற ரோட்டுப் பாலத்துல நின்னு பாத்தோம்."

கவுண்டர் வந்துவிட்டது. அவர் வாயைத் திறக்கும் முன்பே அந்த அம்மா ஜன்னல் பக்கம் குனிந்தார்.

"சார், ராமேஸ்வரத்துக்கு ஒரு டிக்கெட் போடுங்க. இவருக்கு மட்டும்."

பிறகு கணவரிடம் திரும்பினார்.

"நீங்க ரயில்ல முன்னால போங்க. நான் பஸ்ஸுல வந்து ரோட்டுப் பாலத்துல எறங்கிக்கிறேன். புதுசாவது தெறக்கட்டும், பாத்துட்டு வாரேன்."